ராணுவத்து அரிசி

கார்கில் சண்டை நடந்தபோது எனக்கு ஒன்பது வயது. மேற்கு மாம்பலத்தில் எங்கள் வீட்டு யுத்தத்தை நடத்தியவர் பெரியப்பா. அவர் பையனாக இருந்த காலத்துச் சண்டையில் நாட்டில் தானியம் போதாமல், வாரத்தில் ஒருவேளை பட்டினி இருக்கும்படி பிரதமரே கேட்டுக்கொண்டாராம். திங்கட்கிழமை ராத்திரிகளில் ஓட்டல்கள்கூட அடுப்பை அணைத்தனவாம். இந்தத் தடவை அப்படி யாரும் கேட்கவில்லை. பெரியப்பாவுக்கு அதைப் பற்றி என்ன கவலை?

“திங்கக்கிழமை ராத்திரி இந்தாத்துல உலை கிடையாது. மிச்சமாற அரிசி ஜவானுக்கு,” என்று அறிவித்தார்.

அப்பா பேப்பரைப் பிரித்துக்கொண்டார். கிண்டியில் அவர் கம்பெனி வாசலில் பூட்டுத் தொங்கியதை எனக்கு யாரும் சொல்லவில்லை. நீண்ட லீவு என்றுதான் சொல்லி வைத்திருந்தார்கள்.

மிச்ச அரிசிக்கு அம்மா ஒரு பிஸ்கட் டின்னை ஒதுக்கினாள். நான் அதில் காகிதக் கொடி ஒட்டினேன். திங்கட்கிழமைகளில் எனக்கு மட்டும் ஒரு வாழைப்பழம் உண்டு. அதைத் தின்றுவிட்டு, எல்லையைக் காப்பாற்றிய பெருமையோடு படுத்துக்கொள்வேன்.

ஒரு வியாழக்கிழமை பள்ளிக்கூடம் விட்டு வந்து டின்னைத் திறந்தால் அரிசி பாதிக்குக் கீழே இறங்கியிருந்தது. அம்மா அதைத்தான் களைந்துகொண்டிருந்தாள். எனக்கு ரத்தம் கொதித்தது. அன்று பார்த்து மயிலாப்பூரிலிருந்து அத்தை வந்திருந்தாள். நேரே கூடத்துக்கு ஓடினேன்.

“அம்மா ராணுவத்து அரிசியத் திருடி நமக்கே வடிக்கறா!”

பதக்கம் கிடைக்கும் என்று நின்றேன். அம்மா சமையலறையிலிருந்து வெளியே வரவே இல்லை. இன்று நினைத்தாலும் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருக்கிறது.

பெரியப்பாதான் சிரித்தார். “போடி அசடே! அதெல்லாம் போன வாரமே கொண்டுபோய்க் குடுத்தாச்சு. இது வேற அரிசி.”

அத்தை டின்னைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள், காபியைக் குடித்துவிட்டுக் கிளம்பினாள். ஞாயிற்றுக்கிழமை ஆட்டோவில் ஒரு மூட்டை அரிசியோடு வந்து இறங்கினாள். “எங்காத்துப் பங்கு. ஜவானுக்கு,” என்று என்னிடம்தான் சொன்னாள். அப்பா எழுந்து கொல்லைப்பக்கம் போய்விட்டார்.

சண்டை முடிந்தது. பள்ளிக்கூடத்தில் மிட்டாய் கொடுத்தார்கள். எங்கள் திங்கட்கிழமை மட்டும் தீபாவளி வரை முடியவில்லை. ஜெயித்த பிறகும் பாவம் ஜவான்களுக்குப் பசிக்காதா என்று நினைத்துக்கொண்டேன். அப்பா வியாழக்கிழமை ராத்திரியும் சாப்பிடாமல் படுக்க ஆரம்பித்திருந்தார். எங்கள் வீட்டிலேயே அவருக்குத்தான் தேசபக்தி அதிகம் என்று வகுப்பில் எல்லாரிடமும் சொன்னேன்.