இயல்பா இருங்க அண்ணாச்சி

முத்தையாபுரத்தில், துறைமுகத்துக்குப் போகிற லாரிகள் நிற்கும் டீக்கடை அது. அண்ணாச்சி டீ ஆற்றுவார். அவர் மனைவி, நான் மதினி என்று கூப்பிடுகிறவள், வடை சுடுவாள். அந்தக் கடையை ஆவணப்படமாக எடுக்க மூன்று வாரம் பெஞ்சு ஓரத்தில், லாரிக்காரர்களுக்கு நடுவே ஒற்றைப் பெண்ணாக, கேமராவோடு உட்கார்ந்திருந்தேன். என் கொள்கை ஒன்றுதான்: யாரையும் எதுவும் செய்யச் சொல்ல மாட்டேன், நடப்பதைப் பார்ப்பேன். இதை மேடை மேடையாகப் பேசியும் இருக்கிறேன். வாய் சும்மா இருக்குமா?

முதல் நாள் அண்ணாச்சி தேய்த்த வெள்ளைச் சட்டையில் வந்தார். கேமராவை ஓடவிட்டதும் மதினி பக்கம் திரும்பி, "ஏளா, நீ சாப்பிட்டியா?" என்றார். மதினி கையிலிருந்த மாவு எண்ணெய்க்குள் தொப்பென்று விழுந்தது. ஒரு லாரி டிரைவர் டீயை ஊதுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார்.

மறுநாள் அதற்கும் மேலே போனார். "அடுப்புச் சூட்டுலயே நிக்காத, கொஞ்சம் உக்காரு" என்று ஸ்டூலை இழுத்துப் போட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வாழ்க்கையை எடுக்க வந்தால் மனுஷர் சினிமா காட்டுகிறாரே! நான்காம் நாள் பொறுக்க முடியாமல் தனியே கூப்பிட்டுச் சொன்னேன். "நடிக்காதீங்க அண்ணாச்சி. நான் இல்லாதப்போ எப்படி இருப்பீங்களோ, அப்படியே இயல்பா இருங்க."

அவர் முகம் சுருங்கியது. ஆனாலும் சொன்னபடி செய்தார். "என்னத்தளா பராக்குப் பாத்துக்கிட்டு நிக்க? வடை கருகுது!" ஆகா, இதுவல்லவா உண்மை என்று பூரித்துப்போய் எடுத்தேன்.

கூட்டம் ஓய்ந்ததும் மதினி என்னைக் கடைக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனாள். "ஏளா, ஒன்ன யாரு கேட்டா? கெட்டிக்கிட்டு வந்து இருவது வருசத்துல, நான் சாப்பிட்டேனான்னு இப்பதான் அந்த மனுசன் கேட்டாரு. அதுலயும் மண்ணள்ளிப் போட்டுட்டியே!"

அவள் கண் கலங்கியிருந்தது. எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. மறுநாள் காலை, கொள்கையைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிட்டு அண்ணாச்சியிடம் போனேன். "நேத்து எடுத்தது சரியா வரல. மொத நாள் மாதிரியே பேசுங்க."

"எனக்கு அப்பமே தெரியும்" என்று காலரைச் சரிசெய்துகொண்டார்.

மூன்று வாரம் முடிந்த பிறகும் மதினிக்காகப் போய்க்கொண்டிருந்தேன். மெமரி கார்டுகூடப் போடாமல் கேமராவை மட்டும் தூக்கி வைத்துக்கொண்டு உட்காருவேன். சாப்பிட்டியா என்று அண்ணாச்சி கேட்பார். எட்டு மணிக்கே நாலு இட்லி தின்றுவிட்ட மதினி, "இன்னும் இல்லங்க" என்பாள். அவரே ஒரு தட்டில் எடுத்து வைப்பார். ஒரு நல்ல மனுஷரை இப்படி ஏமாற்றுகிறோமே என்று உறுத்தவே, ஒரு நாள் சொல்லிவிட்டேன். "படம் எப்பவோ முடிஞ்சிட்டு அண்ணாச்சி. இதுல எதுவும் பதியல."

"தெரியும்ளா" என்றார், மதினிக்குக் கேட்காதபடி. "ஆனா நீ வாரத நிப்பாட்டிராத. நான் சும்மா போய் சாப்பிட்டியான்னு கேட்டா, 'என்ன கோளாறு பண்ணிட்டு வந்திருக்கிய'ன்னு கேப்பா. கேமரா இருந்தா, படத்துக்காகக் கேக்கேன்னு நெனச்சிக்கிடுவா."