கதவில்லாத நாளில் ஒட்டிய நோட்டீஸ்

எங்கள் வீடு ஏலம் போன செய்தியை, அதை ஏலத்தில் எடுத்தவரே வந்து சொன்னார். தொண்ணூறுகளின் நடுவில் ஒரு முற்பகல். மொபெட்டை வாசலில் நிறுத்திவிட்டு, கையில் அளவு டேப்புடன் உள்ளே வந்தார். புடவை எடுக்க வந்தவர் என்று நினைத்து மாமியார் காபி கொடுத்தார். குடித்து முடித்தவர் கூடத்தை அளக்க ஆரம்பித்தார். மோட்டாருக்குத் தனி மீட்டர் கிடைக்குமா என்று என்னிடம் கேட்டார். எதற்கு என்றேன்.

“விசைத்தறி போடத்தாங்க. கோர்ட்டு ஏலத்துல வீட்ட நான்தான எடுத்தேன். உங்களுக்குத் தெரியும்னு நெனச்சிகினு வந்தேன்.”

தறிக்குழியில் உட்கார்ந்திருந்த என் கணவர் தலை நிமிரவில்லை. பாதி விஷயம் அதிலேயே புரிந்துவிட்டது. மீதியைச் சாயங்காலத்துக்குள் அவர் வாயிலிருந்து வாங்கினேன். சொந்தமாகப் புடவை வியாபாரம் செய்ய, ஜரிகை வியாபாரி ஒருவரிடம் வீட்டை அடமானம் வைத்திருக்கிறார். வழக்கு வந்திருக்கிறது. இரண்டு வாய்தாவுக்குப் போய்விட்டு, பிறகு வெட்கப்பட்டுப் போகாமலே இருந்துவிட்டார். தீர்ப்பு எதிராக வந்துவிட்டது. ஆனால் ஏலம் நடந்தது தனக்கே தெரியாது என்று அடித்துச் சொன்னார். அதை மட்டும் நம்பினேன். பொய் சொல்லும்போது அவர் காது மடலைத் தடவுவார், அன்று தடவவில்லை. இருந்தாலும் நான்கு நாள் அவரிடம் பேசவில்லை. ஐந்தாம் நாள் வக்கீலைப் பார்க்கப் போக வேண்டியிருந்ததால் பேசினேன்.

வக்கீல் ஒரு அம்மாள். சுற்றி வளைக்காமல் பேசுபவர்.

“வாங்கின கடன இல்லன்னு சொல்ல முடியாதும்மா. ஏலம் ஒழுங்கா நடக்கலன்னு சொல்லலாம். ஏலம் நடந்த அறுபது நாளைக்குள்ள மனு போடணும். அதனால நஷ்டம் ஆச்சுன்னும் காட்டணும்.”

நஷ்டத்தைக் காட்டுவது சுலபம். ஏலத்துக்கு வந்தவர்களே மூன்று பேர்தான். வீடு பாதி விலைக்கும் கீழே போயிருந்தது. நல்லவேளையாக அறுபது நாளும் முடிந்திருக்கவில்லை. வக்கீலம்மா கோர்ட்டிலிருந்து, நோட்டீஸ் ஒட்டும் ஊழியரான அமீனாவின் அறிக்கைக்கு நகல் வாங்கி, எங்களை வரச்சொல்லிப் படித்துக் காட்டினார். இன்ன தேதி காலை பதினொரு மணிக்கு எங்கள் தெருவில் தண்டோரா போட்டு, வாசல் கதவில் ஏல நோட்டீஸ் ஒட்டப்பட்டது என்று இருந்தது. தேதியைக் கேட்டதும் நான் சிரித்துவிட்டேன். வீடு போன துக்கத்தில் எனக்கு என்னவோ ஆகிவிட்டது என்று வக்கீலம்மா தண்ணீர் கொடுத்தார்.

அந்தத் தேதி ஒரு அமாவாசை. எங்கள் ஊரில் அன்று தறி ஓடாது. அதனால்தான் கையாட்கள் கிடைத்து, கரையான் அரித்த எங்கள் இரட்டைக் கதவை விடிந்ததும் கழற்றி, மாட்டு வண்டியில் ஏற்றிச் சேவூர் ஆசாரியிடம் கொண்டுபோய்ப் போட்டோம். நான்கு நாள் வீட்டுக்குக் கதவே கிடையாது. அட்வான்ஸுக்கு ஆசாரி எழுதிக் கொடுத்த தேதி போட்ட துண்டுச் சீட்டு என் அரிசி டப்பாவுக்குள் இருந்தது.

விசாரணையில் அமீனா கூண்டில் ஏறினார். எங்கள் வக்கீலம்மா மெதுவாக, கதவு என்ன நிறம் என்று கேட்டார். பச்சை என்றார் அவர். எத்தனை கதவு? ஒன்று. பிறகு ஆசாரியின் சீட்டு நீதிபதியிடம் போனது. அமீனா யோசித்து, சுவரில் ஒட்டியிருக்கலாம் என்றார். தண்டோரா போட்டவரோ உள்ளதை உள்ளபடியே சொல்லிவிட்டார். டீக்கடை முனையில் அடித்ததாகவும், தெருவுக்குள் போகும்படி யாரும் சொல்லவில்லை என்றும் சொன்னார்.

தறிச் சத்தத்தில் எங்களுக்குத் தண்டோரா கேட்டிருக்காது என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். அமாவாசை என்று நினைவுபடுத்தியதும் அதை விட்டுவிட்டு என்னைப் பிடித்தார். கதவே இல்லாத வீட்டில் நான்கு நாள் எப்படி இருந்தீர்கள் என்று மடக்கினார்.

“பழைய போர்வையக் கட்டிகினு இருந்தோங்க. ராத்திரியில எங்க மாமியார் வாசப்படிக்குக் குறுக்கால படுத்துகினாங்க. அவங்களத் தாண்டி யாரும் வர முடியாதுங்க.”

நீதிபதி குனிந்து எழுதிக்கொண்டே சிரித்தார். பின்வரிசையில் இருந்த மாமியார் மட்டும் சிரிக்கவில்லை.

ஒன்றரை வருடம் இழுத்து, ஏலம் செல்லாது என்று தீர்ப்பானது. வெளியே வந்ததும் படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன். ஏலம் எடுத்தவர் சண்டைக்கு வருவார் என்று பயந்திருந்தேன். அவரோ எங்களுக்கும் சேர்த்து டீ சொன்னார். கட்டிய பணம் திரும்பி வந்தால் போதும், வழக்கோடு வீடு வாங்கிப் பேஜார்பட முடியாது என்றார்.

கடன் அப்படியேதான் இருந்தது. மறுபடி ஏலம் வருவதற்குள், ஜரிகை வியாபாரியின் சம்மதத்தோடு வீட்டின் பின்கட்டு மனையை மட்டும் நல்ல விலைக்கு விற்றுக் கோர்ட்டில் கட்டி, வழக்கை முடித்தோம். அதை வாங்கியவர் அதே மொபெட்காரர்தான். இரண்டாயிரத்துக்குப் பிறகு அங்கே ஆறு விசைத்தறி ஓடியது. எங்கள் சமையலறைப் பாத்திரங்கள் நாள் முழுக்க அலமாரியில் கிடுகிடுத்தன.

என் கணவர் வியாபாரத்தை விட்டு, கூலிக்கு நெய்ய ஆரம்பித்தார். வீட்டுக்கு வரும் எந்தக் கவரையும் அவர் பிரிப்பதில்லை. நேராக என்னிடம் கொடுத்துவிடுவார், கல்யாணப் பத்திரிகையாக இருந்தாலும்.