சவுரிராயனின் நாற்பது மைல்

டிரைவர் சவுரிராயனைப் பற்றி எழுத எனக்கு யோக்கியதை கிடையாது. அவரை நன்றாக அறிந்த வேறு யாராவது எழுதியிருந்தால் நான் பேசாமல் இருந்திருப்பேன். அவர்கள் எழுதப் போவதில்லை. எழுதுகிற பிழைப்பு என்னுடையது. திண்டிவனத்தில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தேன். அடுத்தவன் கணக்கில் ஓட்டை கண்டுபிடிப்பதில் சின்னதுரை புலி என்று வக்கீல் நாலு பேர் முன்னால் சொல்லிச் சொல்லி என் தலைக்கனத்தை ஏற்றி வைத்திருந்தார்.

சவுரிராயன் திண்டிவனம் வாடகைக் கார் ஸ்டாண்டில் ஒரு கறுப்பு ஆஸ்டின் ஓட்டினார். வண்டி அவருடையதில்லை. யுத்த காலத்தில் லாரி ஓட்டிப் பழகி, பிறகு பதிமூன்று வருஷம் ஒரே முதலாளியிடம் இருந்தவர். ஒல்லி ஆள், காக்கிச் சட்டை, கழுத்தில் மாதா படம் கோத்த கயிறு. பீடி உண்டு, ஆனால் வண்டிக்குள் பற்றவைக்க மாட்டார். பிரசவ வலி என்று யாராவது ஓடிவந்தால் காசு இருக்கிறதா என்று கேட்காமல் வண்டியை எடுப்பார் என்று சொல்வார்கள். இதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. அன்றைக்கு அவர் எனக்கு ஒரு டிரைவர், அவ்வளவுதான்.

1959 வைகாசியில் என் தங்கை பாஞ்சாலிக்குக் கல்யாணம். எங்கள் ஊர் கிளியனூரில்தான் பந்தல். மாப்பிள்ளை வீடு விழுப்புரம். காரில்தான் அழைத்துவர வேண்டும் என்று அவர்கள் கறாராகச் சொல்லிவிட்டார்கள். மைலுக்கு அரை ரூபாய் என்று பேசி, இரண்டு நாளைக்கு ஆஸ்டினை அமர்த்தினேன். புறப்படும்போதே ஸ்பீடாமீட்டர் காட்டிய எண்ணைக் கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கம் குறித்துக்கொண்டேன். சவுரிராயன் அதைப் பார்த்துச் சிரித்தார்.

"நல்லா எழுதிக்குங்க சார். நான் பொய் சொன்னாலும் இது சொல்லாது."

கல்யாணம் ஒரு குறையும் இல்லாமல் நடந்தது. பெண்ணும் மாப்பிள்ளையும் அதே காரில் விழுப்புரம் போனார்கள். மூன்றாம் நாள் முதலாளியின் பில் ஆபீசுக்கு வந்தது. நான் மனசில் போட்டு வைத்திருந்தது ஐம்பது ரூபாய். பில்லில் தொண்ணூற்றிரண்டு. எனக்குக் கோபத்தைவிட சந்தோஷம்தான் அதிகம் வந்தது என்று இப்போது ஒப்புக்கொள்கிறேன். புலிக்கு இரை கிடைத்துவிட்டது.

மத்தியானம் ஸ்டாண்டுக்குப் போனேன். ஏழெட்டு டிரைவர்கள் வேப்பமரத்தடியில் இருந்தார்கள். முதலாளி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு வரியாகக் கேட்டேன்.

"விழுப்புரத்துல அவங்கள எறக்கிட்டமே, அதுக்கப்புறம் இருபத்துமூணு மைல் எதுக்கு?"

"வண்டி திண்டிவனத்துக்குத் திரும்பி வர வேணாமா சார்? காலி வண்டின்னு பெட்ரோல் கம்மியாவா குடிக்கும்?"

"பேட்டா ஆறு ரூபாயா? எங்க பந்தல்லதானே அவன் சாப்ட்டான்?"

"சோறு வேற, பேட்டா வேற சார்."

காத்திருந்த நேரத்துக்கு நாலு ரூபாய். அதையும் விளக்கினார். எனக்கு நியாயம் புரிந்தது. ஆனால் அத்தனையும் கூட்டினாலும் எழுபத்திரண்டுதான் வந்தது. மைல்கல்லை எண்ணிப் பார்த்து நான் போட்ட கணக்கு நூற்றிருபத்துநாலு மைல். பில்லில் நூற்றறுபத்துநாலு. வண்டி திரும்பியதும் மீட்டரைத் தானே பார்த்து எழுதியதாக முதலாளி சொன்னார். அப்படியானால் நாற்பது மைல் எங்கே போயிற்று?

முதலாளி சவுரிராயனைப் பார்த்தார். அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

எனக்கு ஞாபகம் வந்துவிட்டது. மாப்பிள்ளையைக் கொண்டுவந்து இறக்கிய அன்று சாயங்காலம் இரண்டு மணி நேரம் காரைக் காணவில்லை. கேட்டதற்கு, "இதோ பக்கத்துல போய் வந்தேன் சார்" என்றார். அதை நான் சத்தம் போட்டுச் சொன்னேன். எங்கள் கல்யாணத்துக்குப் பேசிய வண்டியில் இவன் தனிச் சவாரி அடித்துக் காசு பார்த்திருக்கிறான் என்றேன். அவன், இவன் என்றுதான் பேசினேன். திருடன் என்றும் சொன்னேன். அதோடு விட்டேனா? "கழுத்துல மாதா படம் வேற" என்றேன். இதை எழுதும்போதும் எனக்குக் கை கூசுகிறது.

சவுரிராயன் ஒரே ஒரு தடவை என் முகத்தைப் பார்த்தார். பிறகு முதலாளியிடம் சொன்னார்.

"தப்பு என்னுதுதாங்க. அந்த இருபது ரூபாய என் சம்பளத்துல புடிச்சிக்குங்க."

"பதிமூணு வருசமா ஒன்ன நம்பிக்கினு இருந்தேனேய்யா" என்று முதலாளி சாவிக்குக் கையை நீட்டினார். சாவி கை மாறியது. நான் எழுபத்திரண்டு ரூபாயை எண்ணிக் கொடுத்து, ரசீதும் வாங்கிக்கொண்டேன்.

சனிக்கிழமை கிளியனூருக்குப் போய், சாப்பாட்டு நேரத்தில் இந்தப் பிரதாபத்தை அவிழ்த்து விட்டேன். அப்பா தாண்டவராயன் தொடையைத் தட்டிச் சிரித்தார். குழம்பு ஊற்றிக்கொண்டிருந்த அம்மாவின் கை அப்படியே நின்றுவிட்டது. அப்பா தலை மறைந்ததும் என்னைத் தோட்டத்துப் பக்கம் இழுத்துக்கொண்டு போனாள்.

"பாவி, இன்னா காரியம் பண்ணிட்டு வந்துகீற! அந்த வண்டிய அனுப்புனது நான்டா."

எங்கள் ஜனங்களில் தாய்மாமன் கொண்டுவரும் புடவையைக் கட்டிக்கொண்டுதான் பெண் மணையில் உட்கார வேண்டும். அம்மாவின் தம்பி அரங்கநாதன் வல்லத்தில் இருந்தார். கிணற்று ஆயில் இன்ஜின் பங்கு ஒன்றில் அப்பாவுக்கும் அவருக்கும் முட்டிக்கொண்டு மூன்று வருஷமாகப் பேச்சில்லை. அவன் வீட்டு நூல் ஒன்று பந்தலுக்குள் வந்தாலும் கல்யாணத்தையே நிறுத்திவிடுவேன் என்று அப்பா சொல்லியிருந்தார். தாய்மாமன் புடவை இல்லாமல் மகளை மணையில் வைக்க அம்மாவுக்கு மனசு வரவில்லை. சவுரிராயனைக் கையெடுத்துக் கும்பிட்டு, வெற்றிலைப் பாக்குத் தட்டோடு வல்லத்துக்கு அனுப்பியிருக்கிறாள். மாமா வரவில்லை. ஆனால் எப்போதோ எடுத்து வைத்திருந்த அரக்குப் பட்டை உடனே கொடுத்து அனுப்பியிருக்கிறார். புதுச்சேரியில் வாங்கியது என்று அம்மா எல்லோரிடமும் சொன்ன புடவை அதுதான்.

"எட்டு நாள்ல மல்லாட்ட வித்த காசு வந்துடும், நானே குடுத்துடறேன், எம்புருசனுக்கும் புள்ளைக்கும் தெரிய வேணாம்னு சத்தியம் வாங்கிக்கினேன்டா அவருகிட்ட. நீ மூணாம் நாளே போய் நின்னுட்டியே!"

மறுநாள் முதல் பஸ்ஸில் நான் ஸ்டாண்டுக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை. அப்பாவுக்குத் தெரிந்தால் வீடு இரண்டாகும், சம்பந்தி காதுக்கும் போய்விடும் என்று எனக்கு நானே வாதாடினேன். வக்கீல் குமாஸ்தாவுக்கு வாதத்துக்கா பஞ்சம்? ஆபீசுக்கு ஸ்டாண்டு வழியாகப் போகாமல் சந்து சுற்றிப் போகப் பழகிக்கொண்டேன்.

பத்து மாசம் கழித்து, அவர் விழுப்புரத்தில் இருப்பதாகக் கேள்விப்பட்டு, அம்மா கொடுத்த இருபது ரூபாயோடு போனேன். ரயிலடிக்குப் பக்கத்தில் ஒரு ஷெட்டில் லாரி கழுவிக்கொண்டிருந்தார். தனிச் சவாரி அடித்தவன் என்ற பேச்சு அவருக்கு முன்னால் விழுப்புரம் வந்து சேர்ந்திருந்தது. ஒரு முதலாளியும் அவர் கையில் சாவி கொடுக்கவில்லை. என்னைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். அம்மா எல்லாம் சொல்லிவிட்டாள் என்றேன். "என்ன மன்னிச்சிடுங்க" என்றேன். அன்றுதான் முதல் தடவையாக அவரை 'நீங்க' என்றேன்.

இருபது ரூபாயை வாங்கிக்கொண்டார். நான் மேற்கொண்டு நீட்டிய ஐம்பதைத் தொடவில்லை.

"இது வேணாம் சார். ஒருவாட்டி ஸ்டாண்டுக்கு வந்து, அவங்க எல்லாரும் இருக்கறப்ப, நான் தப்பா சொல்லிட்டேன்னு ஒரு வார்த்த சொல்லுங்க. அம்மா பேச்சே எடுக்க வேணாம். அது போதும்."

"வர்ற வாரமே சொல்லிடறேன்" என்றேன். அவர் நம்பினார்.

அம்மா பெயர் வேண்டாம் என்று அவரே சொன்ன பிறகு எனக்கு என்ன சாக்கு மிச்சம்? ஒன்றுமில்லை. அத்தனை பேர் முன்னால் சின்னதுரை கணக்கில் தப்புச் செய்தான் என்று சொல்ல நாக்கு எழவில்லை. அந்த வாரம் போகவில்லை. அடுத்த வாரமும் போகவில்லை. ஏழு வருஷம் போய்விட்டது.

1967-இல் பாஞ்சாலியின் மகளுக்குக் காது குத்து. தாய்மாமன் என்று குழந்தையை என் மடியில் வைத்தார்கள். ஆசாரி ஊசியை எடுக்கும்போது பாஞ்சாலி என் காதோடு சொன்னாள்.

"அம்மா எங்கிட்ட எல்லாத்தையும் சொல்லிச்சிண்ணே. அந்த டிரைவரு இல்லன்னா எனக்கு மாமன் பொடவ ஏது? நீ போய் அவருக்காகப் பேசிட்டல்ல?"

"ஆச்சு" என்றேன். குழந்தை வீறிட்டு அழுதது. நல்லவேளை, யாரும் என் முகத்தைப் பார்க்கவில்லை.

மறுநாள் காலையில் ஸ்டாண்டுக்குப் போனேன். முதலாளி கார்களை விற்றுவிட்டு மெட்ராஸ் பக்கம் போய்விட்டாராம். மரத்தடியில் நாலைந்து டிரைவர்கள், எல்லாம் புது முகங்கள். உரக்கவே சொன்னேன்.

"1959-ல இங்க வண்டி ஓட்டின சவுரிராயன நான் திருடன்னு சொன்னேன். அவரு தப்பே பண்ணல. தப்பு என்னுது."

அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "எந்த சவுரிராயன்?" என்றான் ஒருவன். இன்னொருவன் மரியாதையாகக் கார் கதவைத் திறந்து, "எங்க சார் போவணும்?" என்று கேட்டான்.

அங்கிருந்து விழுப்புரத்துக்குப் பஸ் ஏறினேன். அதே ஷெட்டில் இருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. ஸ்டாண்டில் போய்ச் சொல்லிவிட்டேன் என்றேன். அவர் முகம் மலர்ந்தது. கையிலிருந்த துணியைக் கீழே போட்டுவிட்டுக் கிட்டே வந்தார்.

"யாரு யாரு இருந்தாங்க சார் அப்போ?"

ஆசையாகக் கேட்டார். சொல்வதற்கு என்னிடம் ஒரு பெயர்கூட இல்லை.