இரண்டு விரல் தடிமன்

பெரிய மைதானத்தில் புல் செத்துக்கொண்டிருக்கிறதாம். ஆட்டக்காரர்களை ஏற்றி இறக்கும் பேருந்தின் டிரைவர் சொன்னார். அவருக்குச் சொன்னது பெரிய மைதானத்து வாசல் காவலாளி. காவலாளிக்கு யார் சொன்னார்கள் என்பது டிரைவருக்கும் தெரியாது.

"ரெண்டு கோலுக்கு முன்னாடியும் மொத்தமா மஞ்சளாயிடுச்சாம். ஏதோ பூஞ்சையாம். வர்ற ஞாயித்துக்கிழமை மேட்சு, டிவில வேற காட்டுவாங்க. அதுக்கு உங்க புல்லைத்தான் பேத்துக்கிட்டுப் போகப்போறாங்களாம், சித்தப்பா."

சின்ன மைதானத்துப் புல்லைப் பார்த்துக்கொள்ளும் சித்தப்பா சிரித்துவிட்டார். "உன் பஸ்ஸு டயரைக் கழட்டி மொதலாளி காருக்கு மாட்டுவாங்களா? போய் வேலையப் பாருய்யா."

"மாட்டுனாலும் மாட்டுவாங்க. நான் நடந்து வரவேண்டியதுதான்," என்றார் டிரைவர்.

அவர் டிரைவருக்குச் சித்தப்பா இல்லை. உலகத்தில் ஒரே ஒருத்திக்குத்தான் அவர் சித்தப்பா, அண்ணன் மகள். அண்ணனுக்கும் அண்ணிக்கும் ஷிப்ட் வேலை. அவளுக்கு எட்டு வயது இருக்கும்போது, பள்ளி முடிந்ததும் அவளை இந்த மைதானத்தில் கொண்டுவந்து விட்டுப்போவார்கள். அவள் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்கு "சித்தப்பா" என்று கத்துவாள். கேட்டுக் கேட்டு மற்ற சிறுமிகள் பிடித்துக்கொண்டார்கள். அப்புறம் பயிற்சியாளர்கள். அப்புறம், அவரைவிட ஐந்து வயது மூத்தவரான, சட்டை துவைக்கும் அம்மாளும். ஒருமுறை வெளியூர் அணியிலிருந்து நன்றிக் கடிதம் ஒன்று வந்தது. மேலே 'திரு. சித்தப்பா அவர்களுக்கு' என்று அச்சடித்திருந்தார்கள்.

அந்தக் கால்பந்து கிளப்புக்கு இரண்டு மைதானங்கள். நாற்பதாயிரம் பேர் உட்காரும் பெரியது ஊர் நடுவே இருந்தது. பெண்கள் அணிக்கும் இளையோர் அணிகளுக்குமான சின்னது, பேருந்துப் பணிமனைக்குப் பின்னால், இரண்டாயிரம் இருக்கைகளோடு. ஒரு பக்கம் மட்டும் கூரை. எதிர்ப்பக்கம் அடுக்குமாடி வீடுகளின் பின்புறம். கோல் விழுந்தால் துணி காயப்போட வந்தவர்களும் கைதட்டுவார்கள். பெரியதில் கழித்துக்கட்டியதெல்லாம் இங்கே வந்து சேரும். வெயிலில் வெளுத்த நாற்காலிகள் வந்தன. ஓட்டை வலை வந்தது. ஏழு என்ற எண்ணை மட்டும் காட்டாத ஸ்கோர் பலகை வந்தது. "ஏழு கோல் போடறப்ப பாத்துக்கலாம்" என்று மேலிடத்தில் சொல்லிவிட்டார்கள். இங்கிருந்து அங்கே போனது என்று பதினான்கு வருஷத்தில் ஒன்றும் கிடையாது.

இருக்கைகளுக்கு வண்ணம் பூச வந்த தினக்கூலிதான் சித்தப்பா. அப்போது இங்கே பாதி சரளை, பாதி களை. பெண்கள் விழுந்து எழுந்தால் முழங்காலில் கல் ஒட்டியிருக்கும். வண்ணம் பூசி முடித்தும் அவர் போகவில்லை. மண்ணைச் சலித்தார், வடிகால் வெட்டினார், விதை போட்டார். புத்தகம் படித்துக் கற்றதில்லை, உள்ளங்கையை வைத்துக் கற்றது. விளம்பரப் படம் எடுக்கக் குதிகால் செருப்போடு வந்த கூட்டத்தை ரப்பர்க் குழாயைக் காட்டியே விரட்டியிருக்கிறார். அண்ணன் மகள் வளர்ந்து பெண்கள் அணியின் தற்காப்பில் நின்றாள். பிறகு கேப்டனும் ஆனாள். கிளப் இதழுக்கு அவள் சொன்னாள்: "மத்த கிரவுண்டுல ஒரு கண்ணு கீழ இருக்கும். இங்க ரெண்டு கண்ணும் பந்து மேலதான்." அதைப் படித்துவிட்டு அவர் கருவி அறைக்குள் போய்க் கொஞ்ச நேரம் வெளியே வரவில்லை.

திங்கட்கிழமை காலை கிளப் மேனேஜர் வந்தார். வந்தவர் மைதானத்துக் கோட்டருகே நின்று ஷூவைக் கழற்றினார். அந்த மரியாதையைப் பார்த்ததுமே சித்தப்பாவுக்கு டிரைவர் சொன்னது நினைவுக்கு வந்தது.

"புல்லு பிரமாதமா இருக்கு. மேல இருக்கவங்களே பேசிக்கிறாங்க."

"எவ்வளவு வேணும் சார்?"

"கேள்விப்பட்டுட்டீங்களா? கோலுக்கு முன்னாடி இருக்கிற ரெண்டு பெனால்டி பெட்டிப் புல்லும்."

"சனிக்கிழமை இங்க பொண்ணுங்க மேட்ச் இருக்கே."

"அதுக்குப் புதுப் புல்லு ஆர்டர் போட்டாச்சு. புதன்கிழமை வந்துடும்."

"வேர் பிடிக்க மூணு வாரம் ஆகும் சார்."

"அதெல்லாம் நீங்க பாத்துக்குவீங்க. உங்க கை அப்படி."

முடியாது என்று அப்போதே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. யார் வெட்டப்போகிறார்கள் என்று கேட்டார். காண்டிராக்ட் ஆட்கள் என்று பதில் வந்தது.

"அவங்க வேணாம். கந்தலாக்கிடுவாங்க. நானே வெட்டறேன்."

அந்த ஒரு வாக்கியத்தைத் திரும்ப வாங்க முடிந்திருந்தால், பின்னால் அவர் என்ன வேண்டுமானாலும் கொடுத்திருப்பார். புல்லை மெல்லியதாகப் பேர்த்தால் அது வேர்விடும்வரை கால் வைக்கக்கூடாது. இரண்டு விரல் தடிமனுக்கு மண்ணோடு பேர்த்தால் தன் கனத்திலேயே உட்கார்ந்துகொள்ளும், மறுநாளே ஆடலாம். செவ்வாய் முழுக்க இயந்திரத்தைப் பிடித்துக்கொண்டு அப்படித்தான் வெட்டினார். பிசிறில்லாமல், இரண்டு விரல். சுருள் சுருளாக லாரியில் ஏறியது. வயிறு எரிந்தது. உள்ளே ஒரு மூலையில் பெருமையும் இருந்தது. மேலிடம் அவரிடம் ஒன்றைக் கேட்டது அதுதான் முதல் தடவை.

புதன்கிழமை வந்த லாரியில் இருந்தது அரை விரல் தடிமன்.

"தடியாக் கேட்டேனே சார்?"

"அவசரத்துக்கு இதுதான் கெடச்சுது. சமாளிங்க."

சமாளித்தார். பள்ளத்தை மண்ணால் நிரவினார், புல்லை விரித்தார், உருளை ஓட்டினார், நீர் விட்டார், இணைப்புகளில் மணலைத் தூவித் துடைப்பத்தால் தள்ளினார். வெள்ளிக்கிழமை மாலை பார்ப்பதற்குப் பச்சைப்பசேலென்று இருந்தது. குனிந்து ஒரு ஓரத்தைத் தூக்கினார். பாய் மாதிரி கையோடு வந்தது. அடியில் ஒரு வேர்கூட மண்ணுக்குள் இறங்கவில்லை.

சனிக்கிழமை காலை மேனேஜர் போனில் அழைத்தார். "கிரவுண்ட் சரியில்லைன்னு ரெஃபரி சொல்லிட்டா பாயிண்ட் அந்த டீமுக்குப் போயிடும். நம்ம பொண்ணுங்க கீழ் டிவிஷனுக்கு இறங்கிடுவாங்க. இறங்கிட்டா இந்த ஸ்டேடியம் எதுக்குன்னு மேல கேப்பாங்க. நான் என்ன பதில் சொல்றது? ரெஃபரி உங்களைத்தான் கேப்பாங்க. பாத்துப் பேசுங்க."

அடுத்த அரைமணியில் அண்ணன் மகள் வந்தாள். கையில் பூட்ஸ், காலில் வெறும் சாக்ஸ்.

"என்ன சித்தப்பா, பெட்டிக்குள்ள கலரே வேற மாதிரி இருக்கு? கால் வைக்கலாமா?"

அவர் குழாயைத் திருகிக்கொண்டிருந்தார். "வைக்கலாம்."

"ஸ்டட் எது போட? குட்டையா, நீளமா?"

பூட்ஸின் அடியில் திருகிப் பொருத்தும் குமிழ்களைக் கேட்கிறாள். நீளமானவை மண்ணைக் கவ்விக்கொள்ளும். புல் நழுவும் இடத்தில் கவ்விக்கொண்ட கால் திரும்பாது, முழங்கால் திரும்பிவிடும். குட்டை என்று சொல்லவேண்டும். சொன்னால் ஏன் என்பாள். அவளுக்குத் தெரியாத தொழிலா? அடுத்த நிமிஷம் போய்ப் பத்துப் பெண்களையும் கூட்டிக்கொண்டு வந்து ஓரத்தைத் தூக்கிப் பார்த்துவிடுவாள்.

"எப்பவும் போடறதையே போடு," என்றார்.

"நீளம்தான் எப்பவும்."

"அதான் சொல்றேன்ல."

"எதுக்கு இப்படி எரிஞ்சு விழறீங்க? சித்தி திட்டுனாங்களா?" சிரித்துக்கொண்டே போய்விட்டாள்.

ரெஃபரி ஓர் இளம்பெண். குதிகாலை ஊன்றித் திருகிப் பார்ப்பதுதான் சோதனை. அவள் எங்கே ஊன்றவேண்டும் என்பதை அவர்தான் நடந்து காட்டினார். புல்துண்டுகளின் நடுவே, கனம் கூடிய இடமாகப் பார்த்து, இணைப்புகளைத் தாண்டித் தாண்டி. வாயால் அவர் சொன்னது ஒரு வார்த்தைதான்: "ஆடலாம்." மீதிப் பொய்யைக் கால்கள் சொல்லிவிட்டன. அவள் தாளில் டிக் போட்டுக் கையெழுத்திட்டாள். "உங்க புல்லைப் பத்தி எங்க டிரெயினிங்லயே சொல்வாங்க சார்" என்று வேறு சொல்லிவிட்டுப் போனாள்.

இரண்டாம் பாதி, ஒன்றுக்கு ஒன்று. இன்னும் இருபது நிமிஷம் தாக்குப்பிடித்தால் போதும், அணி தப்பிக்கும். பந்து வலப்பக்கமிருந்து பெட்டிக்குள் வந்தது. அவள் இடது காலை ஊன்றித் திரும்பினாள். கதவளவுக்கு ஒரு புல்துண்டு, அவள் பூட்ஸைக் கவ்வியபடியே, அடியிலிருந்து நழுவியது. உடம்பு திரும்பிவிட்டது, கால் திரும்பவில்லை. அவள் விழுந்தாள். உட்கார்ந்து, அந்தத் துண்டின் ஓரத்தைக் கையால் தூக்கிப் பார்த்தாள். பிறகு தலையை நிமிர்த்தி, கூரை இல்லாத பக்கத்தில் குழாயடியில் நின்றவரைப் பார்த்தாள். ஸ்ட்ரெச்சர் வந்தது. அவளைத் தூக்கிப் போனதும் எதிரணிப் பெண் ஒருத்தி அந்தத் துண்டைக் காலால் மிதித்துப் பழையபடி பொருத்தினாள். ஆட்டம் தொடர்ந்தது.

டிராவில் முடிந்தது, அணி தப்பித்தது. பெண்கள் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள், குதித்தபடியே அழுதார்கள். மேனேஜரிடமிருந்து குறுஞ்செய்தி: 'சாதிச்சுட்டீங்க.'

ஞாயிறு காலை அண்ணன் போனில் பேசினார். "தசைநார் அறுந்துடுச்சுடா. ஆபரேஷனாம். ஒரு வருஷம் ஆகுமாம், அதுக்கப்புறமும் ஆட முடியுமான்னு தெரியாதாம். அவ யாரோடயும் பேச மாட்டேங்குறா. நீ எங்கேன்னு மட்டும் ரெண்டு வாட்டி கேட்டா. ஏன்டா வரல?"

"கிரவுண்டு கெடக்குதுண்ணே. சரி பண்ணிட்டு வரேன்."

"கிரவுண்டு எங்கடா ஓடப்போகுது?" என்று கேட்டு அண்ணன் வைத்துவிட்டார்.

மாலை, கருவி அறை. புல்வெட்டியின் இருக்கையில் போனைச் சாய்த்து வைத்து, பெரிய மைதானத்து ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பார்க்கக்கூடாது என்றுதான் இருந்தார், கை கேட்கவில்லை. வர்ணனையாளர் வாய் ஓயாமல் புகழ்ந்தார்: ஒரு வாரத்தில் என்ன மாயம் செய்தார்களோ, கம்பளம் விரித்தாற்போல் இருக்கிறது. தற்காப்பு ஆட்டக்காரன் ஒருவன் பெட்டிக்குள் முழு வேகத்தில் காலை ஊன்றித் திரும்பினான். சித்தப்பா திரைக்கு அருகில் குனிந்தார். புல் அசையவில்லை. ஒரு இழைகூட. அவன் பந்தை எடுத்துக்கொண்டு போனான்.

அப்போது படம் மறைந்து திரையில் அவள் பெயர் வந்தது.

முதல் தடவை அடித்து ஓயும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார். ஆட்டம் திரும்ப வந்தது, யாரோ எதற்கோ கைதட்டினார்கள். இரண்டாம் தடவை அடித்தபோது கையை நீட்டினார். அழைப்பது அழுவதற்காக இருக்காது, திட்டுவதற்காகவும் இருக்காது. அவளைத் தெரியாதா? நேராக ஸ்டட்டுக்குத்தான் வருவாள். உங்களுக்குத் தெரிஞ்சுதானே நீளம் போடச் சொன்னீங்க? 'தெரியாதும்மா' என்று ஒருமுறை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். நம்பும்படியாகவே இருந்தது. ரெஃபரியே நம்பவில்லையா? 'தெரியும்மா' என்று சொல்லிப் பார்க்க வாய் திறந்தது, சத்தம் வரவில்லை. அதற்குள் ஓய்ந்துவிட்டது.

சட்டையில் கையைத் துடைத்துக்கொண்டார். மண் போகவில்லை.

போன் மூன்றாவது தடவை அடிக்க ஆரம்பித்தது. இருக்கையின் தகரத்தில் அதிர்ந்து, கொஞ்சம் கொஞ்சமாக அவர் பக்கம் நகர்ந்துகொண்டிருந்தது.