மரண அறிவித்தலில் விடுபட்ட ஒதீல்

ஒழுங்கில்லாமல் எழுதினால் தடுமாறிவிடுவேன். அதனால் சொல்லப்போவதை முதலில் இலக்கமிட்டுக்கொள்கிறேன்.

1. செய்தி வந்த விதம்.
2. ஒதீல் யார் என்பது.
3. மரண அறிவித்தல் அவருக்குச் செய்த அநியாயம்.

ஆக்லாந்தின் த்ரீ கிங்ஸ் பகுதிக் கடையொன்றில் பாண் வாங்க வரிசையில் நின்றபோது கைபேசியில் அந்த அறிவித்தல் வந்தது. "பிரான்சைப் பிறப்பிடமாகவும் ஆக்லாந்து மவுண்ட் ஆல்பர்ட்டை வதிவிடமாகவும் கொண்ட திருமதி ஒதீல் பரராஜசிங்கம்..." காலஞ்சென்ற இன்னாரின் அன்பு மனைவியும், இன்னார் தம்பதியரின் பாசமிகு மருமகளும், மீராவின் தாயாரும், இன்னாரின் மைத்துனியும். அத்தோடு முடிந்துவிட்டது. நாவலாசிரியர் என்ற ஒரு சொல்லுக்கு இடமில்லை! துக்கத்துக்கு முன் கோபம் வந்தது.

அவரை அயலவராக மட்டும் அறிந்தவர்களுக்குச் சொல்கிறேன். ஒதீல் பிரெஞ்சில் நாவல்கள் எழுதியவர். எல்லோரும் மறந்துபோன ஒரு பெண் ஓவியரின் வாழ்க்கை வரலாற்றை எழுதியவர். பாரிஸ் பத்திரிகையொன்றில் வாராவாரம் நூல் மதிப்புரை எழுதிப் பெரிய மனிதர்களின் பகையைச் சம்பாதித்தவர். தமிழைக் கணவரிடம் கற்றார்.

ஊரில் தமிழாசிரியராக இருந்த நான் அவருடைய நாவலொன்றை ஆங்கில வழியாகத் தமிழாக்க முயன்றேன். முதல் பக்கத்தை வாசித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"மாஸ்டர், இவள் அழுதாள் எண்டுதான் நான் எழுதினனான். நீங்கள் 'கண்ணீர் உகுத்தாள்' எண்டு போட்டிருக்கிறியள். இவள் மீன் வெட்டுறவள், ராணி இல்லை."

"வடிவாயிருக்கும் எண்டு..."

"ஓம், வடிவாத்தான் இருக்கு. ஆனா அவளைக் காணேல்லை."

மரண அறிவித்தல்களை அவர் விரும்பி வாசிப்பார். ஏன் என்று ஒருமுறை கேட்டேன். "வாழ்க்கை வரலாறு எழுதுறவை முதல்ல பார்க்கவேண்டியது, ஆரை விட்டிட்டினம் எண்டதை" என்றார். அவரையே விட்டுவிட்டார்களே என்று அன்று வரிசையில் நின்றபடி பொருமினேன்.

மங்கரேயில் இறுதிக் கிரியை நடந்த மண்டபத்தில் ஒருவர் என்னிடம் குனிந்து, "பரராஜசிங்கத்தின்ர வெள்ளைக்கார மனிசிதானே? ஏதோ பேப்பரில எழுதினவவாம்" என்றார்.

"ஏதோ இல்லை, ஐயா" என்றேன். ஒரு வாழ்நாள் உழைப்பு 'ஏதோ'வாகிவிட்டது. இன்னும் எரிகிறது.

முப்பத்தோராம் நாள் நினைவு மலரிலாவது 'நாவலாசிரியர்' என்று போடவேண்டும் என்று மகள் மீராவிடம் கேட்டேன்.

"போடுவம், அங்கிள். ஆனா அந்த அறிவித்தல் சாகிறதுக்கு முன்னமே அம்மா சொல்லச் சொல்ல நான் எழுதினது. அப்பம்மா செத்தபோது வந்த அறிவித்தலில மருமக்கள் எல்லாற்ற பேரும் இருந்தது, அம்மான்ர பேர் மட்டும் இல்லை. 'என்ர புத்தகங்களில என்ர பேர் கிடக்கு மீரா, இதில மருமகள் எண்டு போடு' எண்டவ."

மலருக்காக இதை எழுதுகிறேன். என்னிடம் மிஞ்சியிருப்பது அந்த முதல் பக்கம்; அதில் 'கண்ணீர் உகுத்தாள்' என்பதை வெட்டி அவர் கோணல் எழுத்தில் எழுதிய 'அழுதாள்'. என் இரண்டாம் இலக்கத்தில் மாற்றமில்லை. மூன்றாவது பிழை. ஒருகாலத்தில் விடுபட்ட தன் பெயரை, ஒதீல் அந்த அறிவித்தலில் தானே எழுதிக்கொண்டார். 'மருமகளும்' என்ற சொல்லை வாசிக்காமல் தாண்டிப் போனவன் நான்தான்.