நவ்வாஃப் வெட்டாத ஆண் மரம்

ஹமா நாட்டுப்புறத்துப் பிஸ்தா விவசாயியான நவ்வாஃபை, அரசாங்கத்தை எதிர்த்துச் சண்டை தொடங்கிய இரண்டாவது வசந்தத்தில் ஊரார் தளபதியாக்கினார்கள். அவருடைய குரல் பெரிது என்பதைத் தவிர வேறு காரணம் இல்லை. படையிலிருந்தவர்களும் பிஸ்தா விவசாயிகளே. சாகத் தயங்காதவர்கள், சொன்னதைச் செய்யத்தான் தயங்குவார்கள்.

அன்று காலை, அரசு ராணுவத்திலிருந்து ஓடிவந்து இவர்கள் பக்கம் சேர்ந்த கேப்டன் டவுனிலிருந்து வாக்கி-டாக்கியில் உத்தரவிட்டார். காவல் அரணுக்கு முன்னால் நிற்கும் மரம் எதிரி டாங்கிகள் வரும் சாலை வளைவை மறைக்கிறது. உடனே வெட்ட வேண்டும். மரம் நவ்வாஃபின் மனைவியின் தம்பி ஷிஹாதாவுடையது.

“மாப்ளே, காய்க்காத மரம்தானே, பிடி கோடாலிய,” என்றார் நவ்வாஃப்.

“ஆண் மரம், மச்சான்.”

“தெரியும்டா!”

“தெரிஞ்சுமா கேக்குற? சுத்துல இருக்குற பொம்பள மரமெல்லாம் இத நம்பித்தான் பூத்து நிக்குது. இப்ப வெட்டினா இந்த வருஷம் அத்தனையும் பொக்கு.”

“பூ உதிர்ற வரைக்கும் பொறுக்கச் சொல்லேன்,” என்றான் பக்கத்துத் தோட்டத்துத் தய்யிப்.

“யார்கிட்டடா சொல்ல, டாங்கிக்காரன்கிட்டயா?”

“கேட்டுத்தான் பாரேன். அவனுங்கள்லயும் பாதிப் பேரு விவசாயிதான்.”

நவ்வாஃப் குரலை உயர்த்தினார். “என் கல்யாணக் கட்டில உடைச்சு அரணுக்கு முட்டுக் குடுத்தப்ப எவனாச்சும் வாயத் தொறந்தீங்களா?”

“உன் கட்டில் காய்க்குமா மச்சான்?”

சிரிப்பு அடங்குவதற்குள் கோடாலியைப் பிடுங்கிக்கொண்டு அவரே மரத்தடிக்குப் போனார். ஓங்கியபோது கோடாலி கிளையில் பட்டு, பூக்களின் மஞ்சள் மகரந்தம் காற்றில் கலந்து மேற்கே போனது. மேற்கே இருப்பது அவருடைய தோட்டம். காய்க்காத மரத்துக்கு இடம் வீண் என்று அங்கே ஓர் ஆண் மரம்கூட அவர் வைத்ததில்லை.

வாக்கி-டாக்கி கரகரத்தது. “மரம் சாஞ்சுதா?”

“சாஞ்சிருச்சு கேப்டன்,” என்றார் நவ்வாஃப், கோடாலியைக் கீழே வைத்தபடி.

மரம் நின்றது, வளைவு தெரியவில்லை. மரத்தைத் தாண்டி, மறைப்பே இல்லாத பள்ளத்தில் ஒருவர் படுத்துப் பார்த்தால்தான் டாங்கி வருவது தெரியும். வந்தால் முதல் குண்டு அவருக்குத்தான். யாரை அனுப்புவது என்று நவ்வாஃப் திரும்பினார். பொய் சொன்னவரையே எல்லாரும் மிகுந்த மரியாதையோடு பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“நாசமாப் போங்கடா,” என்று தூரக்கண்ணாடியை எடுத்துக்கொண்டு ஊரத் தொடங்கினார்.

“மச்சான், பாத்து!” பின்னாலிருந்து ஷிஹாதா பதறினான். “அந்தத் தாழ்ந்த கொப்ப ஒடிச்சிடாத!”

நவ்வாஃப் வைத வசவு எதிர்ப் படைக்கே கேட்டிருக்கும். பிறகு, கொப்பில் படாமல் தலையைக் குனிந்து ஊர்ந்து போனார்.