வில்லாளி தந்த மண்

பேய், பிசாசு என்று யாராவது கதையைத் தொடங்கினால் மெல்ல எழும்பித் தேநீர் போடப் போகிற ஆள் நான். ஹீத்ரோ விமான நிலையத்தில் எத்தனையோ இரவு ஷிப்ட் தனியாகச் செய்திருக்கிறேன், ஒன்றையும் கண்டதில்லை. அதனால் இதைக் கேட்டு நீங்கள் சிரித்தால் எனக்குக் கோபம் வராது, நானாக இருந்தாலும் சிரித்திருப்பேன்.

மகள் துவாரகாவுக்கு வில்வித்தைப் பைத்தியம். அதுவும் நவீன வில் இல்லை, அந்தக் காலத்து ஆங்கிலேயர் பிடித்த ஆளுயர மரவில். அவள் அதை இழுப்பதைப் பார்த்தால் எனக்குத் தோள் வலிக்கும். லண்டனில் ஹவுன்ஸ்லோவுக்குப் பக்கத்து மைதானத்தில் ஒரு சனிக்கிழமை காலை இளையோர் அணிக்கான தேர்வு. அந்த ஒரு நாளுக்காகத்தான் வருடம் முழுக்க மழையிலும் குளிரிலும் பயிற்சி செய்தாள். பாருங்கள் விதியை, அன்றைக்கென்று பிள்ளைக்கு வயிற்றோட்டம். முகம் வெளிறி, "அப்பா, எனக்கு ஏலாது, வீட்டை போவம்" என்று அழுதாள். திருநீறு பூசி, ஒரு துளி வாயிலும் போட்டுவிடுவோம் என்று பொக்கற்றைத் தடவினால் டப்பா இல்லை, வேலை ஜாக்கெட்டில் விட்டுவிட்டு வந்திருக்கிறேன். என் மேலேயே எனக்கு எரிச்சல் வந்தது.

அவள் மறுபடியும் கழிப்பறைக்கு ஓடியபோதுதான் வேலியோரம் அந்த மனிதரைக் கண்டேன். வெறுங்கால், முழங்கால்வரை சேறு, பஞ்சு வைத்துத் தைத்த கிழிந்த அங்கி, ஒட்டிய வயிறு, ஆனால் தோள் மட்டும் மரக்கட்டை மாதிரி. பழைய போர்களை நடித்துக் காட்டும் கூட்டத்து ஆள் என்று நினைத்தேன். அவருடைய ஆங்கிலம் பாதிதான் விளங்கியது, வடக்கு இங்கிலாந்துக்காரராக்கும் என்று எடுத்துக்கொண்டேன்.

"பிள்ளைக்கு வயிறா?" என்றார். தலையாட்டினேன். "எங்கள் எல்லோருக்கும் அதுதான்" என்று சிரித்தார்.

பிறகு அவர் சொல்லச் சொல்ல நான் வாயைப் பிளந்துகொண்டு கேட்டேன். பிரான்சில் ஒரு துறைமுகத்தை முற்றுகையிட்டபோது பேதியில் கொத்துக் கொத்தாகச் செத்தார்களாம், மிஞ்சியவர்கள் இளம் அரசனுக்குப் பின்னால் நடந்தார்களாம், சாப்பாடு முடிந்து காட்டுக் கொட்டைகளைத் தின்றார்களாம், அஜின்கோர்ட் என்ற ஊரில் இரவு முழுக்க மழையில் நனைந்துவிட்டு, வயிற்றால் போகிற நிலையிலேயே சேற்றில் நின்று, தலைமுதல் கால்வரை இரும்பு போட்ட பிரபுக்களைப் பார்த்து நாணை இழுத்தார்களாம். அறுநூறு வருடத்துக்கு முந்திய சண்டை, எல்லாம் போன கிழமை நடந்ததுபோலச் சொன்னார், குரலில் பெருமைகூட இல்லை. எனக்கு உடம்பு புல்லரித்தது. அடுத்தவன் நாட்டைப் பிடிக்கப் போன படைதான், அது வேறு கதை, ஆனால் பசியோடும் பேதியோடும் பின்வாங்காமல் நின்ற அந்தக் கால்களைக் கையெடுத்துக் கும்பிடலாம்.

குனிந்து ஒரு சிட்டிகை மண் எடுத்துத் தன் வாயில் போட்டார். இன்னொரு சிட்டிகையை என்னிடம் நீட்டினார். கோயிலில் வாங்கிப் பழகிய கை சும்மா இருக்குமா? வலக்கையை இடக்கையால் தாங்கி வாங்கி, திரும்பி வந்த மகளின் நெற்றியில் பூசி, ஒரு துளி நாக்கிலும் வைத்துவிட்டேன்.

நம்பினால் நம்புங்கள், அழுகை நின்றது. நேரே போய் வில்லை எடுத்தாள். அம்புகள் போய்க் குத்திய சத்தத்தில் பக்கத்தில் எய்தவர்களே நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். அணிக்கு முதலில் அழைத்தது அவள் பெயரைத்தான். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

நன்றி சொல்லத் தேடினால் ஆளைக் காணவில்லை. "ஆரப்பா? நீங்கள் தனியத்தானே வேலியோட நிண்டு கதைச்சனீங்கள்" என்றாள் துவாரகா. பயிற்சியாளரைத் தனியே கூப்பிட்டுக் கேட்டேன். நடிக்கும் கூட்டம் எதுவும் அன்று வரவில்லையாம். மண் விஷயத்தைச் சொன்னதும் அவர் முகம் மாறியது. அஜின்கோர்ட்டில் வில்லாளிகள் அப்படிச் செய்ததாகத்தான் சொல்வார்களாம், இன்றைக்குச் சாகப் போகிறோம் என்று நினைத்தவர்கள் வாயில் போட்டுக்கொண்ட மண்ணாம். எங்கள் பாஷையில் அது வாய்க்கரிசி. அதைப் பெற்ற பிள்ளைக்கு நானே போட்டிருக்கிறேன்.

அவள் நன்றாகத்தான் இருக்கிறாள், வென்றுகொண்டும் இருக்கிறாள். அந்த மண்ணுக்கு என்ன அர்த்தம் என்று இன்றுவரை நான் அவளிடம் சொல்லவில்லை. ஆனால் ஒவ்வொரு போட்டிக்கும் முன்னால் முழங்காலிட்டு ஒரு சிட்டிகை மண்ணை வாயில் போடுகிறாள். ஏன் பிள்ளை என்று ஒருநாள் கேட்டேன்.

"எல்லாரும் போடுகினம் அப்பா" என்றாள்.

வில்லோடு நிற்கிற அந்த வரிசையில் அவளைத் தவிர வேறு யாரும் குனிந்து நான் பார்த்ததில்லை.